முழு மசாலா: எதை எடுக்க வேண்டும், எதைப் போடவே கூடாது?

பிரிஞ்சி இலை விஷம் என்கிறார்களே?

விஷம் இல்லை. எவ்வளவு வெந்தாலும் அது மெத்தென்று ஆகாது, ஓரம் கூர்மையாகவே இருக்கும். தெரியாமல் விழுங்கினால் தொண்டையில் சிக்கும், அவ்வளவுதான். கிள்ளிப் போடாமல் முழு இலையாகப் போடுங்கள். எத்தனை போட்டோம் என்று நினைவிருந்தால் பரிமாறும் முன் எல்லாவற்றையும் எடுத்துவிடலாம்.

இரண்டு வயதுப் பையனின் சாதத்தில் கிராம்பு, மிளகு இருக்கலாமா?

வேண்டாம். ஏலக்காயும் பட்டைத் துண்டும்கூட வேண்டாம். நன்றாக மென்று விழுங்க இந்த வயதில் தெரியாது, மூச்சுக்குழாயும் குறுகல். மெல்லிய பருத்தித் துணியில் முடிந்து போட்டு, வெந்ததும் முடிச்சோடு எடுத்துவிடுங்கள். எண்ணெயில் தாளித்த மணம் வராதுதான். குழந்தை சாப்பிடுகிற வீட்டில் அது பரவாயில்லை என்பேன்.

மிளகாய் வற்றலுக்குள் பூஞ்சை. வெயிலில் காயவைத்து வறுத்தால் சரியாகிவிடுமா?

ஆகாது. சில பூஞ்சைகள் உண்டாக்கும் அஃப்லாடாக்சின் என்ற நச்சு கல்லீரலைத் தாக்கும். சமையல் சூட்டில் அது முழுதாக அழியாது. மனம் கேட்காது, தெரியும். ஆனாலும் கொட்டிவிடுங்கள். கொதிக்கிற பாத்திரத்துக்கு மேலே டப்பாவைத் தட்டிப் போடும் பழக்கம் இருந்தால் அதையும் விடுங்கள். ஆவி உள்ளே போய்த்தான் பல டப்பாக்கள் கெடுகின்றன.

வயிற்று உப்புசத்துக்கு மூன்று மாதக் குழந்தைக்கு அன்னாசிப்பூ கொதிக்கவைத்த தண்ணீர் தரலாமா?

தரவே தராதீர்கள். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். நாம் சமையலில் போடுவது சீன அன்னாசிப்பூ. அதே சாயலில் ஜப்பானிய வகை ஒன்று உண்டு; அதில் அனிசாட்டின் என்ற நரம்பு நச்சு இருக்கிறது. காய்ந்தபின் இரண்டையும் கண்ணால் பிரித்தறிய முடியாது. வாந்தி, கைகால் உதறல், வலிப்பு வரை போகும். அன்னாசிப்பூ தேநீர் குடித்த கைக்குழந்தைகள் உட்படப் பலர் பாதிக்கப்பட்டதால், அதைக் குடிக்க வேண்டாம் என்று அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் 2003-இல் எச்சரித்தது. பெரியவர்கள் சாப்பிடும் சமையலில் நம்பகமான கடையில் வாங்கிய ஒரு பூவைப் போட்டு, பிறகு எடுத்துவிடுவது வேறு விஷயம். ஆறு மாதம் முடியாத குழந்தைக்கோ வெறும் தண்ணீர்கூடத் தேவையில்லை. ஏற்கெனவே கொடுத்திருந்து குழந்தை நடுங்கினாலோ, ஓயாமல் அழுதாலோ, வாந்தி எடுத்தாலோ உடனே மருத்துவமனைக்குப் போங்கள். மீதி இருக்கும் பூவையும் கையோடு எடுத்துச் செல்லுங்கள்.