மயங்கி விழுந்த கோல்கீப்பர்

அன்புள்ள ஐயா,

மியூனிக் விமான விபத்தைப் பற்றி ஒரு ஆவணப்படம் பார்த்தேன். மான்செஸ்டர் யுனைடெட் வீரர்கள் எட்டுப் பேர் அதில் இறந்தது முன்பே தெரியும். ஆனால் இறந்த பத்திரிகையாளர்களின் பட்டியலில் ஃப்ராங்க் ஸ்விஃப்ட் என்ற பெயருக்குப் பக்கத்தில் 'முன்னாள் இங்கிலாந்து கோல்கீப்பர்' என்று போட்டிருந்தார்கள். யார் என்று தேடினால், 1934இல் எஃப்.ஏ. கோப்பை (இங்கிலாந்துக் கால்பந்து கிளப்களுக்கான கோப்பை) ஃபைனல் முடிந்ததும் மைதானத்திலேயே மயங்கி விழுந்தவர் என்பதுதான் முதலில் வருகிறது. என் அப்பா கல்லூரி அணிக்குக் கோலியாக நின்றவர். கோலிக்குக் கல் நெஞ்சு வேண்டும் என்பார். அவரிடம் இதைச் சொன்னேன். "மயங்கி விழுறவன் எல்லாம் ஒரு கோலியா?" என்று கேட்டுவிட்டார். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. நீங்கள் என்ன சொல்கிறீர்கள்?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

உங்கள் அப்பா கோல் போஸ்டுக்கு நடுவில் நின்று பார்த்தவர். அவர் பேச்சைச் சும்மா தள்ளிவிட முடியாது. ஆனால் அந்த ஃபைனலில் முதலிலிருந்து கடைசிவரை என்ன நடந்தது என்று கேட்டால் அவரே மனம் மாறுவார் என்று நினைக்கிறேன்.

ஸ்விஃப்ட் பிளாக்பூல்காரர். கடற்கரை ஊர். 1913 கிறிஸ்துமஸுக்கு மறுநாள் பிறந்தவர். அண்ணன் ஃப்ரெட்டும் கோல்கீப்பர்தான். யுனைடெட்டின் உள்ளூர்ப் போட்டிக் கிளப்பான மான்செஸ்டர் சிட்டிக்காக ஃப்ராங்க் முதன்முதலாக இறங்கியது 1933 கிறிஸ்துமஸ் சமயத்தில். நான்கே மாதத்தில், 1934 ஏப்ரல் 28 அன்று, லண்டனின் வெம்ப்ளி மைதானத்தில் 93,258 பேர் முன்னால், அந்த எஃப்.ஏ. கோப்பை ஃபைனலில், போர்ட்ஸ்மத் அணிக்கு எதிராக நிற்கிறார். வயது 20.

முந்தின இரவு அறையில் கூட இருந்தது கேப்டன் சாம் கோவன். கோவனுக்குக் காலில் புண். ஒரு பாத்திரத்தில் வெந்நீர் வைத்து அதில் காலை நனைத்தபடி அதிகாலை மூன்று மணிவரை பையனிடம் பேசிக்கொண்டே இருந்தார். விட்டால் சீக்கிரம் எழுந்து காலை முழுக்கப் பயந்துகொண்டிருப்பான், களைத்துத் தூங்கினால் நேரம் கழித்துத்தான் எழுவான் என்பது அவர் கணக்கு. மறுநாள் டிரெஸ்ஸிங் ரூமில் அனுபவசாலி ஒருவருக்கே கை நடுங்கி ஷூ லேஸைக் கட்ட முடியவில்லை. பயிற்சியாளர் கட்டிவிடுகிறார். அதைப் பார்த்ததும் ஸ்விஃப்டின் முகம் வெளுத்துவிட்டது. பயிற்சியாளர் அவரை இழுத்துக்கொண்டு போய்க் கன்னத்தில் ஒன்று வைத்து, ஒரு வாய் விஸ்கி கொடுத்து அனுப்பினார்.

மைதானம் ஈரமாக இருந்தது. கையுறை போடுவதா வேண்டாமா? எதிர் கோலி என்ன செய்கிறார் என்று பார்த்தார். அவர் போடவில்லை. சரி என்று இவரும் கையுறைகளைக் கழற்றி, தொப்பியோடு வலைக்குள் வைத்துவிட்டார். ஏறக்குறைய அரை மணி நேரத்தில் போர்ட்ஸ்மத்தின் ரதர்ஃபோர்டு அடித்த பந்து விரலில் பட்டு வழுக்கிக்கொண்டு உள்ளே போனது. கையுறை போட்டிருந்தால் பிடித்திருப்பேன் என்று அவர் தன்னைத்தானே நொந்துகொண்டார். இடைவேளையில் சிட்டியின் முன்கள வீரர் ஃப்ரெட் டில்சன் அவரைத் தேற்றி, இரண்டாவது பாதியில் நான் ரெண்டு கோல் போடுகிறேன் என்றார். சொன்னபடியே போட்டார். இரண்டாவது கோல் விழும்போது ஆட்டம் முடிய இரண்டு, மூன்று நிமிடம்தான் மிச்சம்.

அந்தக் கடைசி நிமிடங்களை நான் பலமுறை நினைத்துப் பார்த்திருக்கிறேன். பந்து அந்தப் பக்கம் இருக்கிறது. இவருக்கு வேலையே இல்லை. கோலுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த புகைப்படக்காரர்கள் நல்லெண்ணத்தோடு, இன்னும் இவ்வளவு நேரம், இன்னும் இவ்வளவு விநாடி என்று எண்ணிச் சொல்லிக்கொண்டே இருக்கிறார்கள். மற்ற பத்துப் பேருக்கும் ஓடவாவது இடம் இருக்கிறது. பயத்தைக் காலில் இறக்கிவிடலாம். கோலி அதை உடம்பிலேயே வைத்துக்கொண்டு நிற்க வேண்டும். விசில் ஊதியது. தொப்பியையும் கையுறைகளையும் எடுக்க வலைக்குள் குனிந்தார். அப்படியே சரிந்துவிட்டார்.

அப்பாவிடம் முக்கியமாக இதைத்தான் சொல்ல வேண்டும். அவர் விழுந்தது விசிலுக்குப் பிறகு. கோலை விட்ட பிறகும் ஒரு மணி நேரத்துக்கு மேல் அந்த நடுக்கத்தோடேயே நின்று, வேறு ஒரு கோலும் விழாமல் பார்த்துக்கொண்டார். வேலை முடிந்த பிறகுதான் உடம்பு விட்டுக்கொடுத்தது. எழுந்து மேலே போய் ஐந்தாம் ஜார்ஜ் மன்னர் கையால் பதக்கமும் வாங்கினார். திங்கள்கிழமை மன்னர் தந்தி அனுப்பி உடல்நலம் விசாரித்தார்.

அடுத்த மூன்றே ஆண்டில், 1937இல், சிட்டி லீக் சாம்பியன். 42 ஆட்டங்களிலும் கோலில் நின்றவர் ஸ்விஃப்ட். மறு சீசனிலேயே அதே அணி டிவிஷனிலேயே அதிகமாக 80 கோல் அடித்தும் கீழ் டிவிஷனுக்கு இறங்கியது வேறு கதை.

இன்றைக்குக் கோல்கீப்பர் பந்தைக் கையால் எறிந்து தாக்குதலைத் தொடங்குவது சாதாரண விஷயம். அன்று பந்து கைக்கு வந்தால் ஓங்கி உதைத்துத் தொலைவுக்கு அனுப்புவதுதான் வழக்கம். பிறகு அதை எதிரணியும் எடுக்கலாம். ஸ்விஃப்ட் தன் ஆளைப் பார்த்து எறிந்தார். அதற்கேற்ற கை அவருக்கு. ஆறடி இரண்டு அங்குல ஆள், விரித்தால் ஒரு கை கிட்டத்தட்ட 12 அங்குலம். கனமான தோல் பந்தை ஒற்றைக் கையால் கவ்விப் பிடிப்பார். பிடித்துவிட்டுக் கூட்டத்தைச் சிரிக்க வைப்பார். வெம்ப்ளியில் அப்படிப் பயந்த பையன்தான் பின்னாளில் மற்றவர்களின் படபடப்பைக் குறைக்கிற ஆளாக மாறினார். எனக்கு அவரிடம் மிகவும் பிடித்தது இதுதான். முதல்நாள் இரவு சாம் கோவன் தனக்குச் செய்ததை அவர் மறக்கவில்லை என்றே எடுத்துக்கொள்கிறேன்.

இரண்டாம் உலகப் போர் அவருடைய நல்ல வயதைத் தின்றுவிட்டது. 25 முதல் 32 வரை, ஒரு கோலிக்குப் பொன்னான வருடங்கள். போர்க்கால ஆட்டங்கள் கணக்கில் வராததால் இங்கிலாந்துக்கான முதல் அதிகாரபூர்வ ஆட்டம் 1946இல்தான். மொத்தம் 19 ஆட்டங்கள்.

அதில் ஒன்றை மட்டும் சொல்கிறேன். 1948 மே 16, டூரின் நகரம், இத்தாலிக்கு எதிராக. கேப்டன் ஸ்விஃப்ட். அந்த நூற்றாண்டில் இங்கிலாந்துக்குக் கேப்டனான முதல் கோல்கீப்பர் அவர்தான். எதிரில் இரண்டு உலகக் கோப்பை வென்ற பயிற்சியாளர் போஸோவின் அணி. நான்கு கோல் வித்தியாசத்தில் இங்கிலாந்து வென்றது, இத்தாலி ஒன்றுகூடப் போடவில்லை. எண்களை மட்டும் பார்த்தால் ஒருதலைப்பட்சமான ஆட்டம் என்று தோன்றும். அப்படி இல்லை. இத்தாலி நெடுநேரம் முற்றுகையிட்டது, ஸ்விஃப்ட் தடுத்துக்கொண்டே இருந்தார். அன்று ஆடிய இத்தாலியர்களில் ஏழு பேர் டொரினோ கிளப்காரர்கள். ஒரு வருடம்கூட ஆகவில்லை, 1949 மே 4 அன்று சூப்பர்கா குன்றில் விமானம் மோதி அந்த ஏழு பேரும் போய்விட்டார்கள். கோல்கீப்பர் பாச்சிகலூப்போவும் அவர்களில் ஒருவர். அன்று இரண்டு பக்கமும் கோலில் நின்ற இருவருமே விமான விபத்தில் இறந்தார்கள் என்பது தெரிந்ததிலிருந்து அந்த ஆட்டத்தின் படங்களை என்னால் சாதாரணமாகப் பார்க்க முடிவதில்லை.

1949இல் ஓய்வு பெற்றார். அவர் இடத்துக்கு வந்தவர் போர்க்கைதியாக இங்கிலாந்துக்கு வந்த ஜெர்மானியர் பெர்ட் ட்ரௌட்மன். அவரைப் பற்றித் தனியாக எழுத வேண்டும். ஸ்விஃப்ட் 'நியூஸ் ஆஃப் த வேர்ல்ட்' பத்திரிகைக்குக் கால்பந்து எழுதப் போனார். அப்படித்தான் நீங்கள் பார்த்த பட்டியலில் அவர் பெயர் வந்தது. பெல்கிரேடில் ரெட் ஸ்டார் ஆட்டத்தைப் பார்த்துவிட்டு யுனைடெட் அணியோடு திரும்பினார். எரிபொருளுக்காக மியூனிக்கில் இறங்கிய விமானம், 1958 பிப்ரவரி 6 அன்று, பனிச்சேறு கிடந்த ஓடுபாதையில் மூன்றாவது முறையாக ஏறப் பார்த்தது. பின்பக்கம் பாதுகாப்பானது என்று நம்பி இடம் மாறி உட்கார்ந்தவர்களில் ஸ்விஃப்டும் ஒருவர். முன்பக்கம் இருந்தவர்கள்தான் அதிகம் பிழைத்தார்கள். ஸ்விஃப்டை உயிரோடு வெளியே எடுத்தார்கள். மருத்துவமனைக்குப் போகும் வழியிலேயே உயிர் பிரிந்தது. 44 வயது.

யுனைடெட்டின் மேலாளர் மாட் பஸ்பியும் அதே விமானத்தில்தான் இருந்தார். படுகாயத்தோடு பிழைத்தார். 1934இல் வெம்ப்ளியில் சிட்டி அணிக்கு ரைட் ஹாஃபாக, அதாவது நடுக்களத்தின் வலப்பக்கம், ஆடியவர் அவர். இருபது வயதுப் பையன் வலைக்குள் சரிந்தபோது அதே புல்தரையில் நின்றிருந்தவர்.

அப்பாவிடம் அந்தக் கையுறைக் கதையை முதலில் சொல்லுங்கள். ஈரப் பந்து எப்படி வழுக்கும் என்பது அவருக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். கேட்டுவிட்டு என்ன சொன்னார் என்று எழுதுங்கள்.

அன்புடன்