1920 ப்ளூஸ் தட்டில் இரைச்சல்தான் கேட்கிறதா?

கேள்வி: மகன் கிடார் கற்கிறான், அவனோடு சேர்ந்து நானும் அமெரிக்கக் கறுப்பின மக்களின் ப்ளூஸ் இசை கேட்கிறேன். இசைத்தட்டில் ப்ளூஸை முதலில் பிரபலமாக்கியவர்கள் கறுப்பினப் பெண்கள் என்று படித்து, மேமி ஸ்மித்தின் 1920 பதிவைப் போட்டேன். ஒரே கரகரப்பு. எப்படிக் கேட்பது?

பதில்: குறை உங்கள் காதில் இல்லை. 1925 வரை இசைத்தட்டுப் பதிவில் மைக் கிடையாது. பெரிய புனல் ஒன்றின் முன்னால் நின்று பாட வேண்டும். குரலின் அதிர்வே ஊசியை அசைத்து மெழுகில் கோடு கீறும். மெல்லிய ஒலிகள் பலவும் அதில் ஏறாது.

அதனால் பிந்தைய பதிவிலிருந்து பின்னோக்கி வாருங்கள். முதலில் பாடகி பெஸ்ஸி ஸ்மித்தின் ‘பேக்வாட்டர் ப்ளூஸ்’. மைக் வந்த பிறகு, 1927 பிப்ரவரியில் பதிவானது. துணைக்கு ஜேம்ஸ் பி. ஜான்சனின் பியானோ மட்டும். வெள்ளத்தில் வீட்டை விட்டுப் போக நேர்ந்த பெண்ணின் பாட்டு. ஒரு வரி, அதே வரி மறுபடியும், மூன்றாவதில் பதில். ஒவ்வொரு வரிக்கும் நான்கு பார் (தாளச் சுற்று), ஆக 12. மகனிடம் கேளுங்கள், இந்தக் கணக்கு அவனுக்குத் தெரிந்திருக்கும். நான்கில் ஏறக்குறைய பாதியிலேயே பெஸ்ஸி நிறுத்திவிடுவார். மிச்ச இடத்தில் பியானோ பேசும்.

அந்த இடைவெளி பிடிபட்டதும் அவருடைய 1925 ‘செயின்ட் லூயிஸ் ப்ளூஸ்’ கேளுங்கள். புனல் பதிவுதான், ஆனாலும் குரல் எழும்பி நிற்கும். இடைவெளியை நிரப்புவது லூயி ஆம்ஸ்ட்ராங்கின் கார்னெட், டிரம்பெட் போன்ற ஊதுகருவி. அடியில் இழைவது ஆர்மோனியம். ஆமாம், ஆர்மோனியமேதான்!

அப்புறம் மா ரெய்னி. அமெரிக்காவின் தென் மாநிலங்களில் கூடாரம் கூடாரமாகப் பாடியவர். 1923 முதல் அவர் பதிவு செய்த பாரமவுண்ட் கம்பெனியின் தட்டுகள் தரம் மட்டம். இரைச்சலை முழுக்கத் துடைத்த பதிப்புகளை வாங்காதீர்கள். இரைச்சலோடு குரலும் போய்விடும்.

மேமி ஸ்மித் கடைசியில். அவருடைய ‘கிரேஸி ப்ளூஸ்’ எனக்கு இன்றும் நாடகமேடைப் பாட்டாகத்தான் கேட்கிறது. ஆனால் அது விற்ற விற்பனையைப் பார்த்துத்தான் கம்பெனிகள் கறுப்பினப் பாடகிகளைத் தேடி ஓடின. ப்ளூஸ் என்றதும் பலருக்கு நினைவு வரும், கிடாரோடு பாடிய ராபர்ட் ஜான்சனே முதன்முதலில் பதிவு செய்தது 1936-இல்தான்.

மகனுக்கு, கிடார் வாசித்த பாடகி மெம்ஃபிஸ் மின்னி. 1927-இல் மிசிசிப்பி கரையுடைத்த பெருவெள்ளத்தைப் பற்றி 1929-இல் வந்த ‘வென் த லெவீ பிரேக்ஸ்’ கேட்கச் சொல்லுங்கள். பாடுவது அவர் கணவர். மின்னியின் விரல்களைத்தான் கவனிக்க வேண்டும். லெட் செப்பலின் ராக் குழுவின் 1971 வடிவம் அவனுக்கு ஏற்கெனவே தெரிந்திருக்கலாம்.