கேள்வி – பதில்

கேள்வி: மின் இணைப்பு இல்லாத பூங்காவில், பயணிகள் உட்கார்ந்து போன் சார்ஜ் செய்யும்படி ஒரு கூரைப் பந்தல். விளக்கும் வைஃபையும் வேண்டும். எவ்வளவு சோலார் தேவைப்படும்?

பதில்: முதலில் ஒரு நாள் மின்சாரச் செலவைக் கூட்டுங்கள். 10 வாட் ரூட்டர் நாள் முழுக்க 240 வாட்-மணி. 10 வாட் எல்இடி நான்கு, 6 மணி நேரம், இன்னொரு 240. 20 போன்களுக்குத் தலா 20 என்று 400. ஆக 880. நாளுக்கு நாலரை மணி நேர முழு வெயில், 30 சதவீத இழப்பு என்று வைத்தால் சுமார் 280 வாட் பேனல். 350 ஆகவே போடுங்கள், தூசு படியத்தான் செய்யும். இரண்டு நாள் மேகமூட்டத்தைத் தாங்க 12.8 வோல்ட், 200 ஆம்பியர்-மணி லித்தியம் இரும்பு பாஸ்பேட் பேட்டரி போதும்.

இன்வெர்ட்டர் வேண்டவே வேண்டாம். சும்மா இருக்கும்போதும் மின்சாரம் குடிக்கும். 12 வோல்ட்டை 5 வோல்ட்டாகக் குறைக்கும் யுஎஸ்பி சார்ஜரை நேராக பேட்டரி பக்கம் இணையுங்கள்.

முதலில் பழுதாவது யுஎஸ்பி துளைதான். மேஜைப் பலகையின் மேல்பக்கம் வைத்தால் மழைநீர் தேங்கி, உள்ளே இருக்கும் பின்கள் பச்சை பூத்துவிடும். பலகையின் அடியில், வாய் கீழ்நோக்கி, இரண்டே திருகில் கழற்றி மாற்றும்படி பொருத்துங்கள். டேட்டா பின்கள் இணைக்காத, சார்ஜுக்கு மட்டுமான வகை பாதுகாப்பானது.

தகரக் கூரைக்கு அடியில் ரூட்டரை ஒளித்தால் சிக்னல் மங்கும். கம்பத்தில் வெளியே வையுங்கள். பேட்டரி இறங்கினால் சார்ஜிங் முதலில் நிற்கட்டும், விளக்கு கடைசியில்.