ஆடி மாசத்துல கேமராவ எடுங்க தம்பி

கேள்வி: எனக்கு 27 வயசு. கல்யாண வீடியோ எடுக்குறேன், எடிட்டும் நானே. போன வைகாசில வடபழனி பக்கம் ஒரு மண்டபத்துல, நைட் ரெண்டு மணிக்கு ஒரு அக்கா அண்டாவுக்குள்ள இறங்கித் தேச்சுக்கிட்டு இருந்தாங்க. அந்த அக்கா மாதிரி குரலற்றவங்கள பத்தி டாக்குமெண்டரி மட்டுமே எடுக்கணும்னு இருக்கு. வேலைய விட்டுடலாமா? பொழைக்க முடியுமா? அம்மா ஒத்துக்கவே மாட்டேங்குறாங்க.
– வியாசர்பாடி வாசகர்

பதில்: தம்பி, அண்டாவுக்குள்ள இறங்கினாங்கன்னு எழுதியிருக்கீங்களே, அதப் படிச்சதுமே உங்களுக்குக் கண்ணு இருக்குன்னு தெரிஞ்சுபோச்சு. ஆனா வேலைய விடாதீங்க. தனியா டாக்குமெண்டரி எடுக்குற எனக்குத் தெரிஞ்சவங்கள்ல முக்காவாசிப் பேருக்கு வாடகைப் பணம் வேற எங்கிருந்தோதான் வருது, ஒருத்தர் காலேஜ்ல க்ளாஸ் எடுக்குறார், ஒருத்தங்க கம்பெனி வீடியோ எடிட் பண்றாங்க. பெங்களூரு ஐ.எஃப்.ஏ மாதிரி கலைக்குப் பண உதவி பண்ற அமைப்புகள்ல கிராண்ட் உண்டு, எழுதிப் போடுங்க, ஆனா அத நம்பி ஒக்காந்திருக்க முடியாது. 2023ல ஆஸ்கர் வாங்குன யானைப் படம் 'தி எலிஃபண்ட் விஸ்பரர்ஸ்', அதுக்கே முதுமலை தெப்பக்காட்டுல அஞ்சு வருஷம் பிடிச்சது. அம்மாகிட்டயும் இதையே சொல்லுங்க, வேலைய விடலன்னு தெரிஞ்சாலே பாதி பயம் போயிரும்.

இப்ப முக்கியமான விஷயத்துக்கு வரேன். உங்களுக்கு எப்ப வேலை இருக்காது? ஆடி, மார்கழி. முகூர்த்தம் கிடையாது, கேமரா பைக்குள்ளயே கெடக்கும். அந்த அக்காவுக்கும் அதே மாசந்தான் வேலை இருக்காது! உங்களுக்காச்சும் பழைய ஆல்பம், எடிட்னு ஏதாவது பாக்கி இருக்கும், அவங்க அந்த மாசம் என்ன பண்றாங்க, யார்கிட்ட கைமாத்து வாங்குறாங்க, வேற எங்க போயி நிக்குறாங்க, உங்க படம் அங்கதான் இருக்கு தம்பி. மண்டபத்துல பாத்திரம் தேய்க்குறத எடுத்தா பாக்குறவங்க பாவம்னு சொல்லிட்டு எழுந்து போயிருவாங்க. ஆடி மாசத்த எடுத்தா அவங்க எப்படி வாழ்றாங்கன்னு தெரியும். பெருசா யோசிக்காதீங்க. ஆர்.பி. அமுதன் 2003ல மதுரைல எடுத்த 'பீ', ஒரு தெருவுல மலம் அள்ளுற ஒரே ஒரு அம்மா கூடவே போற படம், அவ்ளோதான், இன்னைக்கும் பாத்தா வயித்தப் பிசையுது.

குரலற்றவங்கன்ற வார்த்தைய மட்டும் விட்டுருங்க. சமையல் காண்ட்ராக்டர் கூலில நூறு ரூபா பிடிச்சா அந்த அக்கா என்ன பேசுவாங்கன்னு கேட்டுப் பாருங்க, தெரியும். ஆனா அதே காண்ட்ராக்டர் படத்துல அவங்க முகத்தப் பாத்தா அடுத்த முகூர்த்தத்துக்குக் கூப்பிடாம விட்டுருவார், அதனால முகம் காட்டலாமான்னு ஷூட்டுக்கு முன்னாடி ஒரு தடவ கேளுங்க, எடிட் முடிஞ்சு போட்டுக் காட்டிட்டு இன்னொரு தடவ கேளுங்க, வேணாம்னா வெட்டிருங்க. ஒரு நாள் வேலையக் கெடுத்துட்டு உக்கார வச்சீங்கன்னா அந்த நாள் கூலியக் குடுத்துருங்க, குடுக்கக் கூடாதுன்னு சொல்றவங்க உண்டு, நான் ஒத்துக்க மாட்டேன்.

நான் ஒரு தப்பு பண்ணிருக்கேன். மந்தைவெளில இஸ்திரி வண்டி வச்சிருந்த ஒரு பெரியவர நாலு மாசம் எடுத்தேன், கரி அள்ளிப் போட்டுக்கிட்டே "எப்பப்பா காட்டுவ"ன்னு கேப்பார், இந்தா வரேன் ஐயான்னு சொல்லிச் சொல்லியே ரெண்டு ஊர்ல ஸ்க்ரீனிங் முடிச்சேன், கை தட்டுனாங்க. லேப்டாப்ப தூக்கிக்கிட்டுப் போனப்ப அங்க வண்டி இல்ல, மரத்தடில கரித் தடம் மட்டும் இருந்துச்சு. ஊருக்குப் போயிட்டார்னாங்க பக்கத்துக் கடைல, எந்த ஊருன்னு அவங்களுக்கும் தெரியல. அதனால மொத ஸ்க்ரீனிங் அக்கா வீட்டுத் தெருவுலதான் இருக்கணும். அப்புறம் சென்னைல 'மறுபக்கம்'ங்கற அமைப்பு நடத்துற டாக்குமெண்டரி விழா, திருவனந்தபுரம் விழா, மும்பை விழான்னு அனுப்புங்க. தியேட்டர் கெடைக்கும்னு எதிர்பாக்காதீங்க, 2017ல மலம் அள்ளுறவங்களப் பத்தி திவ்யபாரதி எடுத்த 'கக்கூஸ்' டாக்குமெண்டரி யூடியூப்லதான் ஜனங்ககிட்ட போய்ச் சேந்துச்சு.

புது லென்ஸ் இப்ப வேணாம், அந்தக் காசுக்கு நல்ல காலர் மைக் வாங்குங்க. மாராப்புக்குள்ள மாட்டுனா துணி உரசுற சத்தந்தான் கேக்கும், தோள்ல பின் குத்துற எடத்துல மாட்டுங்க.

ஒண்ணு கவனிச்சேன், லெட்டர் முழுக்க அந்த அக்கா, அந்த அக்கான்னே எழுதியிருக்கீங்க. அடுத்த முகூர்த்தத்துல கேமராவ வண்டிலயே வச்சுட்டுப் போயி மொதல்ல பேரக் கேளுங்க.