பார்ப்பது மட்டும்தானே?

அன்புள்ள சார்,

கல்லூரி நண்பர்களின் வாட்ஸப் குழுவில் ஒருவன், யாரோ ஒரு ஜோடியின் அந்தரங்க வீடியோவைப் போட்டான். வேண்டாம் என்றேன். ‘அவங்களே எடுத்ததுதான், ஏற்கெனவே ஊரே பார்த்தாச்சு, நாம பார்க்க மட்டும்தானே செய்றோம்’ என்றார்கள். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை.

எஸ்., திருப்பூர்

அன்புள்ள எஸ்.,

‘அவங்களே எடுத்தது’ என்பதற்குச் சட்டத்திலேயே பதில் இருக்கிறது. நிர்பயா வழக்குக்குப் பின் 2013இல் இந்திய தண்டனைச் சட்டத்தில் சேர்த்த 354சி பிரிவு, அதன் இடத்தில் வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் இன்று 77. படம் எடுக்க ஒரு பெண் சம்மதித்திருந்தாலும், பிறருக்குக் காட்டச் சம்மதிக்காதபோது பரப்பினால் அது குற்றம். முதல் முறைக்கே ஓராண்டு முதல் மூன்றாண்டு வரை சிறை. (ஆணின் படத்துக்கு இந்தப் பிரிவு உதவாது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66இ இருபாலருக்கும் உண்டு.)

‘பார்க்க மட்டும்தானே’ என்பதுதான் சிக்கல். தென்கொரியாவில் பெண்களையும் சிறுமிகளையும் மிரட்டி எடுத்த படங்களை டெலிகிராம் அறைகளில் விற்றார்கள். அது வெளிவந்தபின் 2020இல் அங்கே சட்டத்தைத் திருத்தி, சம்மதமில்லாமல் எடுத்த படத்தை வைத்திருப்பதையும் பார்ப்பதையும்கூடக் குற்றமாக்கினார்கள். அந்த அறைகள் பார்வையாளர்களின் காசில்தான் நடந்தன.

நம் ஊரில் காசுகூட வேண்டியதில்லை. பொள்ளாச்சியில் ஒரு கும்பல், பெண்களைப் பாலியல் வன்கொடுமை செய்து எடுத்த வீடியோவை வைத்தே அவர்களை மிரட்டியது. வெளியே விட்டால் எல்லோரும் பார்ப்பார்கள், பார்த்தபின் அந்தப் பெண்ணைத்தான் பேசுவார்கள் என்பது கும்பலுக்கு நன்றாகத் தெரியும். அந்த நம்பிக்கையைக் கொடுத்தது உங்கள் குழுவைப் போன்ற ஆயிரம் குழுக்கள். 2025 மே மாதம் ஒன்பது பேருக்குச் சாகும்வரை ஆயுள் தண்டனை கிடைத்தது. பார்த்தவர்களை யாரும் எதுவும் கேட்கவில்லை. 2019இல் அந்த வீடியோவின் துண்டுக் காட்சிகளை ‘நியாயம் வேண்டும்’ என்று எழுதிப் பகிர்ந்தவர்களும் உண்டு. எனக்கு அவர்கள்மீதும் கோபம்தான்.

‘ஊரே பார்த்தாச்சு’ என்பதும் பொய். உங்கள் குழுவில் வந்த வீடியோவில் இருக்கும் பெண் வேலைக்குச் சேரும் அலுவலகம் இன்னும் பார்த்திருக்காது. ஒவ்வொரு ஃபார்வர்டும் அங்கே போய்ச் சேரும் வழிதான்.

குழுவில் அழிக்கச் சொல்லுங்கள். போட்டவன் ‘எல்லோருக்கும் நீக்கு’ கொடுக்கட்டும். அந்தப் பெண்ணைத் தெரிந்தவர் யாராவது இருந்தால், ‘இது நீயா’ என்று வீடியோவை அனுப்பிக் கேட்க வேண்டாம். சம்மதமில்லாமல் பரவும் அந்தரங்கப் படங்களைத் தடுக்க உதவும் ஸ்டாப் என்சிஐஐ (StopNCII.org) என்ற தளம் இருப்பதை மட்டும் அவரிடம் சொல்லட்டும். அதில் பதிந்தாலும் படம் அந்தப் பெண்ணின் போனை விட்டு வெளியே போகாது. அதிலிருந்து உருவாகும் அடையாள எண்தான் போகும். அதை வைத்து, இந்த ஏற்பாட்டில் சேர்ந்த நிறுவனங்கள் தங்கள் தளங்களில் அதே படத்தைத் தேடி, தங்கள் விதியை மீறியிருந்தால் எடுத்துவிடும். புகார் கொடுக்க மத்திய அரசின் சைபர் குற்றப் புகார்த் தளம் cybercrime.gov.in இருக்கிறது.