மாத்திரையும் போதைதானா?

கேள்வி: என் கணவர் லாரி டிரைவர். காவேரிப்பட்டணத்திலிருந்து மாங்கூழ் லோடு ஏற்றி வடக்கே போவார். உடம்பு வலி தெரியாமலிருக்க டீயில் அபின் போட்டுக் குடிக்கப் பழகியவர், இப்போது பவுடர் எடுக்கிறார். பத்து நாள் அறையில் பூட்டி வைத்தோம்; வெளியே வந்ததும் மறுபடி ஆரம்பித்துவிட்டார். ஆஸ்பத்திரியில் நாக்குக்கு அடியில் வைக்கும் மாத்திரை தருவார்களாமே, அதுவும் போதைதான் என்கிறார் கொழுந்தனார். நம்பிக் கொடுக்கலாமா?
– ஒரு வாசகி, கிருஷ்ணகிரி மாவட்டம்

பதில்: அம்மா, உங்கள் கொழுந்தனார் சந்தேகப்படுவதில் நியாயம் இருக்கிறது. அந்தப் பவுடர், அதாவது ஹெராயினே, ஒரு காலத்தில் மருந்தாக வந்ததுதான். அபினிலிருந்து மார்பின் என்ற வலி மருந்தைப் பிரித்தார்கள். அதை மாற்றி 1874-ல் லண்டனில் ஹெராயின் செய்தார்கள். மார்பின் போல அடிமைப்படுத்தாது என்று நம்பி, 1898-ல் பேயர் நிறுவனம் அதை இருமல் மருந்தாக விற்றது. அந்த நம்பிக்கை பொய்த்து, 1913-ல் தயாரிப்பையே நிறுத்த வேண்டியதாயிற்று.

ஆனால் ப்யூப்ரினார்ஃபின் என்ற இந்த மாத்திரை வேலை செய்யும் விதம் வேறு. ஹெராயின் சட்டென்று ஏறி, சில மணி நேரத்தில் இறங்கிவிடும். அப்புறம் கை கால் குடைச்சல், வயிற்றுப்போக்கு, மறுபடி தேடல். மாத்திரை மெதுவாக ஏறி, ஒரு நாள் முழுக்க நிற்கும். ஓர் அளவுக்கு மேல் அதன் வேகம் ஏறாது. உடம்பு இதற்கும் பழகும், உண்மைதான். அதனால் திடீரென்று நிறுத்தக்கூடாது. ஆனாலும் தேடல் அடங்கி அவர் வேலைக்குப் போகலாம், பிள்ளைகளோடு உட்கார்ந்து சாப்பிடலாம். மாதங்களோ வருடங்களோ எடுக்க வேண்டி வந்தால் எடுக்கட்டும்.

தயவுசெய்து இனி பூட்டி வைக்காதீர்கள். பத்து நாள் நிறுத்தியதில் உடம்பின் தாங்கும் சக்தி இறங்கிவிடும். வெளியே வந்து பழைய அளவையே எடுத்தால் மூச்சு நின்றுபோகலாம். நல்லவேளை, அவர் தப்பினார். எழுப்பியும் எழாமல், உதடு நீலமாகி, மூச்சு குறைந்தால் உடனே 108-ஐ அழையுங்கள்.

அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையின் மனநலப் பிரிவுக்கு அழைத்துப் போங்கள். 14446 என்ற இலவச எண்ணிலும் விசாரிக்கலாம். போலீஸ் பயம் வேண்டாம். தானாக முன்வந்து சிகிச்சை எடுப்பவருக்கு 1985-ம் ஆண்டு போதைப்பொருள் சட்டத்தின் 64ஏ பிரிவு பாதுகாப்பு தருகிறது. முதல் மாத்திரையை மருத்துவர் சொல்லும் நேரத்தில்தான் போட வேண்டும். பவுடர் உடம்பில் இருக்கும்போதே போட்டால் குடைச்சல் கடுமையாகிவிடும். அளவு சரியாகும்வரை அவர் ஸ்டியரிங்கைத் தொட வேண்டாம்.