மௌனப்படத்தில் கூர்க்கா சிப்பாய்கள்: கேள்வி பதில்

கே: 1915ஆம் ஆண்டுப் படங்களில் கூர்க்காக்கள் ஏன் ஓட்டமும் நடையுமாகப் போகிறார்கள்?

ப: நடக்கத்தான் செய்கிறார்கள். கையால் சுற்றிய கேமராவில் நொடிக்கு ஏறக்குறைய 16 ஃப்ரேம் (தனிப்படம்) தான் பதிவாகும். அதை நொடிக்கு 24 என்ற பேசும்பட வேகத்தில் ஓட்டினால் ஒன்றரை மடங்கு வேகம். 35 மி.மீ. பிலிமில் அடிக்கு 16 ஃப்ரேம் என்பதால், 1,000 அடிச் சுருள் 16 நிமிடம் 40 விநாடி ஓட வேண்டும். 24இல் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். 16இல் தொடங்கி, அணிவகுப்பின் காலடியை எண்ணிச் சரிசெய்யுங்கள். ஆனால் கூர்க்காக்கள் ரைஃபிள் படை; நிமிடத்துக்கு 140 காலடி வைப்பவர்கள். வழக்கமான 120க்குக் குறைத்தால் ஊர்வலம் போல ஆகிவிடும்.

கே: குக்ரியோடு (கூர்க்காக்களின் வளைந்த கத்தி) அகழியில் பாயும் காட்சி நிஜப் போரா?

ப: நடிப்பு. ஹில்டன் கிர்ட்வுட் என்ற புகைப்படக்காரர் 1915 கோடையில் பிரான்சில் எடுத்தது. திரைக்கு வந்தது 1916இல். கேமராவின் முக்காலி எங்கே நிற்கிறது என்று பாருங்கள். பாய்ந்து வருபவர்களின் முகம் தெரிகிறதென்றால், கேமரா ஜெர்மானியர் இருக்க வேண்டிய இடத்தில் நிற்கிறது.

கே: சிப்பாய்கள் நிஜம், துப்பாக்கி நிஜம். போலி என்று ஒதுக்குவது சரியா?

ப: ஒதுக்கச் சொல்லவில்லை. குக்ரி உறை இடுப்பின் பின்பக்கம் எப்படித் தொங்குகிறது, கையில் இருப்பது எந்த ரகத் துப்பாக்கி என்பதற்கெல்லாம் நல்ல சாட்சி. போர் எப்படி நடந்தது என்பதற்குச் சாட்சி இல்லை. இரண்டையும் குழப்பாதீர்கள்.

கே: அகல விளிம்புத் தொப்பி இருந்தால் கூர்க்காதானே?

ப: இல்லை. 39ஆம் கார்வால் ரைஃபிள்ஸ் என்ற வேறு இந்தியப் படையும் அதையே அணிந்தது. தோள்பட்டை எழுத்தைப் பாருங்கள். நிறத்தையும் நம்பாதீர்கள்: அக்காலப் பிலிமுக்குச் சிவப்பு தெரியாது, கறுப்பாகவே விழும்.

கே: வேகம் ஏன் அதிகம்?

ப: முதல் பதில்.

கே: தலைப்பு அட்டையில் 'கூர்க்காக்கள், பிரான்ஸ், 1917' என்று இருக்கிறதே?

ப: அட்டை பின்னால் ஒட்டியதாக இருக்கலாம். இந்தியக் காலாட்படை 1915 இறுதியிலேயே பிரான்சைவிட்டு மெசபொட்டேமியாவுக்குப் போய்விட்டது. அட்டையை நம்பாதீர்கள், படத்தை நம்புங்கள்.

கே: குக்ரியை உருவினால் ரத்தம் காட்டாமல் உறையில் போட மாட்டார்களாமே?

ப: கட்டுக்கதை. விறகு வெட்டவும் இறைச்சி நறுக்கவும் அதேதான்.

கே: பழைய 35 மி.மீ. சுருள் கிடைத்தது. புரொஜெக்டரில் போடலாமா?

ப: கூடவே கூடாது. நைட்ரேட்டாக (எளிதில் தீப்பிடிக்கும் பழைய பிலிம் வகை) இருந்தால் தண்ணீருக்குள்ளும் எரியும். பிசுபிசுப்போ பழுப்புப் பொடியோ இருந்தால் விரிக்காமல், வெயில் படாமல் வைத்து ஆவணக்காப்பகத்தைக் கூப்பிடுங்கள். வினிகர் வாடை என்றால் அது அசிடேட் என்ற வேறு பிலிம் வகை. கோடாக் சுருளின் ஓரத்தில் வட்டக் குறி மட்டும் இருந்தால் 1916. துள்ள வேண்டாம், 1936க்கும் அதே வட்டம்தான்.